வீட்டுத் தண்ணீர் டிஸ்பென்சர்: கழுவுவதும் பராமரிப்பதும் — திருகோணமலை வீடுகளுக்கான கேள்வி பதில்

உவர்மலையில் இருந்து நிலாவெளி வரை இப்போது பல வீடுகளின் குசினி மூலையில் ஒரு டிஸ்பென்சர் நிற்கிறது. போத்தலை மாற்றத் தெரிந்த அளவுக்கு அதைக் கழுவத் தெரிந்தவர்கள் குறைவு. மேலே போத்தல் கவிழ்க்கும் மாதிரியை மனதில் வைத்தே இங்கே பதில்கள் தரப்படுகின்றன. கீழ்ப்பெட்டியில் போத்தல் வைக்கும் மாதிரிக்கும் பெரும்பாலானவை பொருந்தும். ஃபில்டர் பொருத்திய மாதிரிக்குத் தனிக் கேள்வி பின்னால் இருக்கிறது.

வாங்குவதே சுத்தமான தண்ணீர். பிறகு எதற்கு மெஷினைக் கழுவ வேண்டும்?

எல்லோரும் முதலில் கேட்பது இதைத்தான். தண்ணீர் சுத்தமாகத்தான் வருகிறது, மெஷினுக்குள் போன பிறகுதான் கெடுகிறது.

ஒரு கிளாஸ் தண்ணீர் பிடிக்கும்போது போத்தலுக்குள் 'குபுக்' என்று குமிழி ஏறுமே, அது உங்கள் குசினிக் காற்று. வெளியே போன தண்ணீரின் இடத்தை நிரப்ப அது உள்ளே போகிறது. தூசி, தாளிப்புப் புகை, கண்ணுக்குத் தெரியாத கிருமி எல்லாம் கூடவே போகும். போத்தலைத் தூக்கிக் கவிழ்க்கும்போது கழுத்தைப் பிடிக்கும் கையில் இருந்தும் கொஞ்சம் போகும்.

இன்னொரு விஷயத்தை யாரும் யோசிப்பதில்லை. டவுன் பைப்பில் வரும் கந்தளாய்க் குளத்துத் தண்ணீரில் குளோரின் கொஞ்சம் மிஞ்சியிருக்கும். அந்த மணம் பிடிக்காமல்தான் பலர் போத்தல் தண்ணீருக்கு மாறினார்கள். ஆனால் வழியில் கிருமி வளராமல் தடுப்பதும் அதே குளோரின்தான். ஆர்.ஓ. தண்ணீரிலும் (நுண்சவ்வு வழியாக அழுத்தி உப்பை நீக்கிய தண்ணீர்) கொதித்தாறிய தண்ணீரிலும் அந்தக் காவல் இல்லை. ஆகவே, ஊத்தையான தொட்டிக்குள் அவற்றை ஊற்றினால் அவை இன்னும் சீக்கிரம் கெடும். சில வாரம் கழுவாத தொட்டிக்குள் விரலை விட்டுத் தடவிப் பாருங்கள், பாசி பிடித்த கிணற்றுப் படி மாதிரி வழுக்கும். அந்த வழுவழுப்பே கிருமிகள் கூட்டமாக ஒட்டிக்கொண்டு கட்டிய படலம். புதுத் தண்ணீர் ஊற்றுவதால் அது போகாது. தேய்த்தால்தான் போகும்.

குளிரில் கிருமி சாகாதா?

சாகாது, வளரும் வேகம் மட்டும் குறையும். சுடுதண்ணித் தொட்டியில் அந்தப் பயம் குறைவுதான். ஆனால் மின்சாரம் மிச்சம் பிடிக்கச் சூட்டு சுவிட்சை நிரந்தரமாக நிறுத்தி வைத்திருக்கும் வீடுகளில் அதுவும் ஒரு சாதாரணத் தொட்டிதான்.

எத்தனை நாளுக்கு ஒருமுறை கழுவ வேண்டும்?

போத்தல் மாற்றும் ஒவ்வொரு தடவையும் போத்தல் உட்காரும் இடத்தையும் டாப்புகளையும் துடையுங்கள். ஐந்து நிமிட வேலை. முழுக் கழுவலுக்கு, மூன்று மாதத்துக்கு ஒருமுறை என்று பல கையேடுகள் சொல்லும். எங்கள் ஊர் வெக்கைக்கு அது போதாது என்பது என் கருத்து. இரண்டு மாதத்துக்கு ஒருமுறை செய்யுங்கள். வீட்டில் கைக்குழந்தை, வயோதிபர், நோயாளி யாராவது இருந்தால் மாதம் ஒருமுறை.

முழுக் கழுவலைப் படிப்படியாகச் சொல்ல முடியுமா?

போத்தல் தீர்ந்த நாளாகப் பார்த்துச் செய்யுங்கள். முதலில் பிளக்கைக் கழற்றுங்கள். சுவிட்சை அணைத்தால் மட்டும் போதாது. சுடுதண்ணித் தொட்டிக்குள் இருப்பது 85 முதல் 95 பாகை வரை கொதிக்கும் தண்ணீர். அது ஆற இரண்டு மூன்று மணித்தியாலம் விடுங்கள். அவசரப்பட்டுப் பின்பக்க மூடியைத் திறந்தால் காலைச் சுட்டுக்கொள்வீர்கள்.

ஆறிய பிறகு இரண்டு டாப்பையும் திறந்து வருமட்டும் வடிய விடுங்கள். மிச்சத்துக்கு மெஷினின் பின்னால், கீழ்ப்பக்கம் ஒரு திருகு மூடி இருக்கும். அதற்குக் கீழே அகலமான பாத்திரம் ஒன்றை வைத்துத் திறந்தால் சுடுதண்ணித் தொட்டியின் அடியில் கிடப்பது வரும். முதல் தடவை திறப்பவர்கள் அதன் நிறத்தைப் பார்த்தால் அடுத்த தடவை யாரும் ஞாபகப்படுத்தத் தேவையில்லை.

மேலே போத்தல் உட்காரும் கிண்ணத்தைத் திருகியோ இழுத்தோ எடுங்கள். நடுவில் போத்தல் மூடியைத் தள்ளிக்கொண்டு உள்ளே போகும் பிளாஸ்டிக் குழல் இருக்கும், அதில் உள்ள ஓட்டைகளில்தான் ஊத்தை அடையும். பழைய பல்துலக்கும் பிரஷ் அதற்கு நல்ல ஆயுதம், கழுவிக் காய வைத்ததாக இருக்கட்டும். உள்ளே குளிர்த்தொட்டியின் மேலே தட்டையான தடுப்பு ஒன்று கிடந்தால் அதையும் எடுங்கள். கழன்று வருபவற்றை எல்லாம் பாத்திரம் கழுவும் திரவத்தால் கழுவுங்கள். தொட்டிக்குள் மென்மையான ஸ்பொஞ்ச் போதும். இரும்பு நாரால் தேய்த்தால் கீறல் விழும், அடுத்த படலம் அந்தக் கீறலில்தான் முதலில் பிடிக்கும்.

ஊத்தை போனால் கிருமியும் போனது என்று நினைக்க வேண்டாம். அதற்குக் குளோரின் ப்ளீச் வேண்டும். வாசனை சேர்க்காத, நிறம் சேர்க்காத, 5 சதவீதம் அளவிலான சாதாரண ப்ளீச் 1 மேசைக்கரண்டியை, அதாவது 15 மில்லிலீற்றரை, 4 லீற்றர் தண்ணீரில் கலவுங்கள். பின் மூடியை இறுக்கிவிட்டுத் தொட்டிக்குள் ஊற்றி, டாப்புகளில் கொஞ்சம் வரும்வரை திறந்து மூடுங்கள். அப்போதுதான் குழாய்க்குள்ளும் போகும். இரண்டு நிமிடத்துக்குக் குறையாமல், ஐந்து நிமிடத்துக்கு மேற்படாமல் விட்டு, டாப்புகள் வழியாகவே வடியுங்கள். "கூட நேரம் விட்டால் கூடச் சுத்தம்" என்ற கணக்கு இங்கே பிழைக்கும். ப்ளீச் ஸ்டீலை அரிக்கும். அது உள்ளே இருக்கும்போது பிளக்கைக் குத்தவே கூடாது.

பிறகு நல்ல தண்ணீரால் மூன்று நான்கு தடவை அலசுங்கள். கடைசி அலசலுக்குக் குடிக்கும் தண்ணீரையே பாவியுங்கள். கடைசியாகப் பின் மூடியைத் திறந்து மணந்து பாருங்கள். நீச்சல் குள மணம் வந்தால் இன்னொரு தடவை அலசுங்கள்.

டாப்பை எப்படிச் சுத்தம் செய்வது?

மெஷினிலேயே அதிகம் தொடப்படும் இடம் இது. மீன் வெட்டிய கை, மூக்குத் துடைத்த கை, விளையாடிவிட்டு வந்த கை எல்லாம் அதில்தான் படும். தண்ணீர் வரும் வாய்க்குள் பஞ்சு சுற்றிய குச்சியை விட்டுச் சுழற்றித் துடையுங்கள். போத்தலின் வாயை டாப்பில் முட்டவைத்து நிரப்பும் பழக்கம் பிள்ளைகளிடம் இருக்கும், அதை நிறுத்தினாலே பாதிப் பிரச்சினை குறையும்.

ப்ளீச் பயமாக இருக்கிறது. வினாகிரியோ தேசிக்காயோ போதாதா?

இரண்டும் செய்யும் வேலை வேறு. வினாகிரி, தேசிக்காய்ச் சாறு, சிட்ரிக் அமிலத் தூள் மூன்றும் வெள்ளைப் படிவைக் கரைக்கும். கிருமியைக் கொல்வதில் ப்ளீச்சுக்குக் கிட்டவும் வராது. சொன்ன அளவில் கலந்து, அலசி, வடித்தால் ப்ளீச்சுக்குப் பயப்பட ஒன்றும் இல்லை.

ஆனால் ஒன்றில் பயம் கட்டாயம் வேண்டும். ப்ளீச்சையும் வினாகிரியையும் ஒன்றாகக் கலக்கக் கூடாது. கலந்தால் குளோரின் வாயு வரும், அது நுரையீரலைத் தாக்கும். இரண்டும் செய்ய வேண்டுமென்றால் முதலில் படிவை எடுத்து நன்றாக அலசுங்கள். ப்ளீச்சை இன்னொரு நாளைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

சுடுதண்ணியில் வெள்ளையாகப் பொருக்கு மிதக்கிறது. என்ன அது?

தண்ணீரில் கரைந்திருக்கும் கல்சியமும் மக்னீசியமும் சூட்டில் பிரிந்து ஒட்டும் படிவு. கேத்தலின் அடியில் பிடிப்பதும் இதுதான். குடித்தால் ஆபத்து இல்லை. ஆனால் சூடாக்கும் கம்பியைச் சுற்றிப் படிந்தால் தண்ணீர் சூடாக நேரம் எடுக்கும், மின்சாரம் கூடச் செலவாகும், கடைசியில் கம்பி எரிந்து போகும்.

கிணற்றுத் தண்ணீரைக் கொதிக்கவைத்து ஊற்றும் வீடுகளில் இது அதிகம். கடற்கரையோரத்துக் கிணறுகளில் கடினத்தன்மையோடு உவர்ப்பும் சேரலாம். கொதிக்கவைத்தால் கிருமி சாகும், உப்புப் போகாது. கொதித்து வற்ற வற்ற உப்புக் கொஞ்சம் கூடத்தான் செய்யும். அப்படிப்பட்ட கிணறு என்றால் டிஸ்பென்சருக்கு மட்டுமாவது ஆர்.ஓ. தண்ணீர் எடுங்கள்.

படிவை எடுக்க, 1 லீற்றர் வெதுவெதுப்பான தண்ணீருக்கு 1 மேசைக்கரண்டி சிட்ரிக் அமிலத் தூள். சூட்டுத் தொட்டி நிறையும் அளவுக்கு ஊற்றி, பிளக் கழற்றியபடியே அரை மணித்தியாலம் விடுங்கள். பின் மூடி வழியாக வடித்தால் பொருக்குகள் உதிர்ந்து வரும். தடித்த படிவுக்கு இரண்டாம் தடவையும் வேண்டும். புளிப்பு மணம் போகும்வரை அலசுங்கள்.

போத்தலையும் கழுவ வேண்டுமா?

நீங்களே கொண்டுபோய் நிரப்பும் போத்தல் என்றால் ஒவ்வொரு தடவையும். அரைப் பிடி அரிசி, கொஞ்சம் தண்ணீர், ஒரு சொட்டுக் கழுவும் திரவம் போட்டு மூடிக் குலுக்குங்கள். கை போகாத இடத்தை அரிசி தேய்க்கும். கொதிதண்ணீர் ஊற்ற வேண்டாம், கைபொறுக்கும் சூடு போதும். பிறகு அதே ப்ளீச் கலவையைக் கொஞ்சம் ஊற்றிச் சுழற்றி, அலசி, கவிழ்த்துக் காயவிடுங்கள்.

நிறுவனம் முத்திரை போட்டுத் தரும் போத்தலுக்குள் ஒன்றும் செய்ய வேண்டாம். வெளிப்பக்கத்தை, முக்கியமாகக் கழுத்தையும் மூடியையும் துடைத்தால் போதும். லொறியில் வந்து, கடை வாசலில் வெயிலில் நின்று, தோளில் ஏறி வந்த போத்தல் அது. கவிழ்த்தவுடன் அந்தக் கழுத்துத்தான் மெஷினின் கிண்ணத்துக்குள் போய் உட்காரும்.

நல்ல போத்தல் தண்ணீர் என்று எப்படித் தெரிந்துகொள்வது?

இலங்கையில் போத்தலில் அடைத்து விற்கும் குடிநீருக்கான கட்டளை எஸ்.எல்.எஸ். 894. அந்த முத்திரை, நிரப்பிய திகதி, காலாவதித் திகதி மூன்றையும் பாருங்கள். மூடியின் முத்திரை உடைந்திருந்தால் திருப்பிக் கொடுங்கள். தெருவோரத்தில் நிரப்பித் தரும் இடம் என்றால், நிரப்புகிற குழாய் வாயையும் நிரப்புகிறவரின் கையையும் ஒருமுறை பாருங்கள். ஃபில்டரை எப்போது மாற்றினீர்கள் என்று கேட்டால் கோபப்படாமல் பதில் சொல்கிற கடை நல்ல கடை. சந்தேகம் பலமாக இருந்தால் உங்கள் பகுதிப் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் சொல்லுங்கள்.

போத்தலுக்குள் இலேசாகப் பச்சை தெரிகிறது.

பாசி. வெளிச்சம் படுகிறது என்று அர்த்தம். ஜன்னலுக்கு நேரே இருந்து மெஷினை நகர்த்துங்கள், மிச்சப் போத்தல்களை வெயில் படும் விறாந்தையில் அடுக்காதீர்கள். பச்சை கண்ட போத்தலைக் குடிக்காமல் செடிக்கு ஊற்றிவிட்டு, மெஷினை முழுதாகக் கழுவுங்கள்.

டிஸ்பென்சரில் நுளம்பு வருமா?

வரும். தொட்டிக்குள் அல்ல, டாப்புக்குக் கீழே சொட்டும் தண்ணீர் தேங்கும் தட்டில். டெங்கு பரப்பும் நுளம்புக்குச் சேற்றுத் தண்ணீர் வேண்டாம். வீட்டுக்குள், நிழலில், சுத்தமாக நிற்கும் ஒரு சிரட்டைத் தண்ணீர் போதும். அந்தத் தட்டு அதற்காகவே செய்து வைத்த மாதிரி இருக்கும். மேலே சல்லடை மூடி இருப்பதால் உள்ளே புழு நெளிவது நமக்குத் தெரிவதும் இல்லை.

2017 தொடக்கத்தில் கிண்ணியாவில் டெங்கு பட்ட பாடு இந்த மாவட்டத்துக்குத் தெரியும். அந்த ஆண்டு நாடு முழுவதும் பதிவான நோயாளர் தொகை 186,000ஐத் தாண்டியது. முட்டையில் இருந்து பறக்கும் நுளம்பாக ஏறத்தாழ ஒரு வாரம் முதல் பத்து நாள் போதும். ஆகவே தட்டை வாரத்தில் இரண்டு தடவை கொட்டுங்கள். கொட்டினால் மட்டும் போதாது, பிரஷால் ஓரங்களைத் தேய்க்க வேண்டும். அந்த நுளம்பு முட்டையைத் தண்ணீர் விளிம்புக்குச் சற்று மேலே சுவரில் ஒட்டிவிடும். தட்டுக் காய்ந்தாலும் முட்டை மாதக்கணக்கில் உயிரோடு கிடக்கும், திரும்ப நனைந்தால் பொரிக்கும். சில மாதிரிகளில் பின்னாலும் ஒரு தட்டு இருக்கும். குளிர்சாதனப் பெட்டியின் பின்தட்டையும் அதே நாளில் பார்த்துவிடுங்கள்.

எறும்பு, பல்லி, கரப்பான்?

கொம்பிரசர் பக்கம் வெதுவெதுப்பாகவும் இருட்டாகவும் இருப்பதால் வந்து குடியேறும். மெஷினுக்குப் பக்கத்தில் சீனி, பால்மா, பிஸ்கட் வைக்காதீர்கள். போத்தல் இல்லாமல் மேல்வாயைத் திறந்தபடி ஓர் இரவுகூட விடாதீர்கள். பல்லி விழுந்தால் வடித்து, தேய்த்து, ப்ளீச் போட்டு, எல்லாவற்றையும் முதலில் இருந்து செய்ய வேண்டியதுதான். பூச்சி மருந்தை மெஷின்மேல் அடிக்க வேண்டாம்.

கரண்ட் போய்ப் போய் வருகிறது. மெஷினுக்குக் கெடுதலா?

கொம்பிரசர் உள்ள மாதிரிக்குக் கெடுதல். போன கரண்ட் உடனே வந்து, உடனே கொம்பிரசர் ஓடத் தொடங்கினால் அது திணறும். கரண்ட் போனதும் பிளக்கைக் கழற்றி, வந்து நிலைத்து ஐந்து நிமிடம் கழித்துக் குத்துங்கள். கடையில் இருந்து ஆட்டோவில் படுக்கப் போட்டுக் கொண்டுவந்த புது மெஷினையும் சில மணித்தியாலம் நிமிர்த்தி வைத்த பிறகே ஓடவிட வேண்டும்.

சுடுதண்ணி சுடவே இல்லை. மெஷின் பழுதா?

பின்னால் உள்ள சிவப்பு சுவிட்ச் அணைந்திருக்கிறதா என்று முதலில் பாருங்கள். பாதிக் கேஸ் அங்கேயே முடிந்துவிடும். அது சரியென்றால், தொட்டியில் தண்ணீர் இல்லாமல் சூட்டைப் போட்டிருக்கிறார்களா என்று கேளுங்கள். கழுவி முடித்த கையோடு பிளக்கைக் குத்துவதால் இது நடக்கும். தண்ணீர் இல்லாமல் கம்பி கொதித்தால் பாதுகாப்பு சுவிட்ச் தானாக விழுந்துவிடும். சில மாதிரிகளில் பின்னால் சின்னப் பொத்தானை அழுத்தி அதைத் திரும்ப எழுப்பலாம், சிலவற்றில் திருத்துபவர்தான் வர வேண்டும். எப்போதும் போத்தலைக் கவிழ்த்து, சிவப்பு டாப்பில் தண்ணீர் சீராக வந்த பிறகே சூட்டைப் போடுங்கள்.

குளிர் போதாது, முக்கியமாகக் கச்சான் காற்றுக் காலத்தில்.

கொம்பிரசர் இல்லாமல் மின்தகட்டால் குளிராக்கும் சின்ன மாதிரிகள், வெளியே 35 பாகை அடிக்கும்போது ஐஸ் குளிர் தராது. அவற்றின் இயல்பே அது. கொம்பிரசர் மாதிரி என்றால் சுவரில் இருந்து ஒரு சாண் தள்ளி வையுங்கள், பின்பக்க வலைக்கம்பியில் படிந்த தூசியைக் காய்ந்த பிரஷால் தட்டுங்கள். கடலுக்குக் கிட்டிய வீடுகளில் உப்புக் காற்று அந்தக் கம்பியைக் கறள் பிடிக்க வைக்கும். மாதம் ஒருமுறை, பிளக்கைக் கழற்றிவிட்டு, ஈரத் துணியால் உப்பைத் துடைத்து, பிறகு காய்ந்த துணியால் துடைத்தால் ஆயுள் கூடும்.

மெஷினுக்குக் கீழே தண்ணீர் குளமாக நிற்கிறது.

திருத்துபவரைக் கூப்பிட முன் போத்தலை மாற்றிப் பாருங்கள். போத்தலில் மயிரிழை வெடிப்பு இருந்தால் அதன் வழியே காற்றுப் போகும். காற்றுப் போனால் தண்ணீர் கட்டுப்பாடில்லாமல் இறங்கித் தொட்டி வழியும். வேறு போத்தலிலும் ஒழுகினால் பின் மூடியின் ரப்பர் வளையத்தைப் பாருங்கள்.

குழந்தைக்குப் பால்மா கரைக்க சிவப்பு டாப் தண்ணீர் போதுமா?

வேண்டாம் என்பேன். கைக்குழந்தைப் பால்மாவை 70 பாகைக்குக் குறையாத தண்ணீரில் கரைக்கச் சொல்கிறது உலக சுகாதார நிறுவனம், மாவுக்குள்ளேயே கிருமி இருக்கக்கூடும் என்பதால். டிஸ்பென்சரின் சுடுதொட்டி சிறியது. இரண்டு பேர் தேநீர் ஊற்றிய பிறகு வருவது எத்தனை பாகை என்று உங்களுக்குத் தெரியாது. கேத்தலில் கொதிக்கவைத்து, அரை மணித்தியாலத்துக்குள் பாவித்து, கரைத்த பாலைக் குடிக்கும் சூட்டுக்கு ஆற்றிக் கொடுங்கள். தவழும் பிள்ளை உள்ள வீட்டில் சிவப்பு டாப்பின் பூட்டு வேலை செய்கிறதா என்றும் பாருங்கள்.

ஃபில்டர் பொருத்திய மாதிரி. அதையும் கழுவ வேண்டுமா?

ஃபில்டருக்குப் பிறகு ஒரு தொட்டி இருந்தால், கட்டாயம். கரி ஃபில்டர் குளோரினை எடுத்துவிடும். அதற்குப் பிறகு தொட்டியில் நிற்பது காவல் இல்லாத தண்ணீர். தூசி ஃபில்டரையும் கரி ஃபில்டரையும் ஏறத்தாழ ஆறு மாதத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள். வாடை மழையில் பைப் தண்ணீர் கலங்கி வந்தால் அதற்கு முன்பே தேவைப்படும். மாற்றிய திகதியை மார்க்கரால் அதன்மேலேயே எழுதுங்கள். மண்சுட்ட வெள்ளை ஃபில்டர் என்றால் மென்மையான பிரஷால் ஓடும் தண்ணீரில் தேய்த்தால் போதும். சவர்க்காரம் போட்டால் உள்ளே இறங்கிப் பிறகு தண்ணீரில் வரும்.

ஒரு வாரம் ஊருக்குப் போகிறோம்.

பிளக்கைக் கழற்றி, முழுக்க வடித்து, மேல்வாயைச் சுத்தமான துணியால் கட்டிவிட்டுப் போங்கள். தட்டைக் காய வையுங்கள். வந்ததும் ஒருமுறை ப்ளீச் கலவை, அலசல், பிறகு புதுப் போத்தல். வடிக்க மறந்து போயிருந்தால் அந்தத் தண்ணீரைக் குடிக்காதீர்கள், மணம் இல்லாவிட்டாலும்.

வெள்ளம் வீட்டுக்குள் வந்துவிட்டது. மெஷினைத் திரும்பப் பாவிக்கலாமா?

அடிப்பாகத்துக்குள் வெள்ளம் போயிருந்தால் பிளக்கைக் குத்தவே வேண்டாம், மின்வேலை தெரிந்தவர் திறந்து பார்க்கட்டும். டாப்போ தொட்டியோ நனைந்திருந்தால், கழுவிய பிறகும் மென்மையான குழாய்களையும் ரப்பர் வளையங்களையும் மாற்றச் சொல்லுங்கள். மலசலகூடக் குழித் தண்ணீரும் கலந்து வருவதுதான் வெள்ளம். நனைந்த முத்திரைப் போத்தலில், மூடி வரை வெள்ளம் ஏறியிருந்தால் அந்தத் தண்ணீரையும் கொட்டிவிடுங்கள். கிணறு மூழ்கியிருந்தால், இறைத்துக் குளோரின் போடும் அளவைப் பொதுச் சுகாதாரப் பரிசோதகரிடம் கேட்டுச் செய்யுங்கள். அதுவரை கேத்தலில் கொதிக்கவைத்த தண்ணீரை மூடிய பாத்திரத்தில் வைத்துக் குடியுங்கள், டிஸ்பென்சர் ஓரமாகக் காயட்டும்.